கணவர் கையெழுத்து

கருத்தடையின் உலக வரலாறு இரண்டே காலங்களைக் கொண்டது. தவசிமுத்து பதவிக்கு வருவதற்கு முந்தைய காலம் ஒன்று, அவர் வந்ததற்குப் பிந்தைய காலம் ஒன்று. இதைச் சொன்னவரும் தவசிமுத்துதான். ராஜபாளையத்தில் ஒரு நூற்பாலையின் சாப்பாட்டுக் கூடத்தில், பகல் ஷிப்ட் முடிந்து பஸ்ஸுக்குக் கிளம்பிய நூற்றுப் பத்துப் பேரை உட்காரவைத்து, கதவைச் சாத்தி, மைக்கை ஒரு தட்டுத் தட்டிவிட்டுச் சொன்னார். யாரும் மறுக்கவில்லை. கதவு சாத்தியிருந்தது.

அவர் ஸ்ரீவில்லிபுத்தூரில் இருக்கும் குடும்பநலப் பரப்புரை அலுவலகத்தின் அலுவலர். ஆண்களைக் கருத்தடைக்கு இணங்கவைப்பதற்காகவே அரசாங்கம் தனியாகத் திறந்த அலுவலகம் அது. பதினோரு வருடமாக நடக்கிறது. இணங்கிய ஆண்களின் எண்ணிக்கையை அவர் பேச்சில் குறிப்பிடவில்லை. எகிப்திலிருந்து தொடங்கிவிட்டதால் அதற்கு நேரம் இல்லை.

"நாலாயிரம் வருசத்துக்கு முன்னால எகிப்துல முதலைச் சாணியில ஆரமிச்சாக. ரோமாபுரியில ஒரு செடியையே தின்னு தீத்தாக. வெள்ளக்காரன் ஊர்ல இதப் பத்திப் புத்தகம் போட்டவுகளக் கோர்ட்டுல ஏத்துனாக. நம்ம ஊர்ச் சொவத்துல செவப்பு முக்கோணம் எழுதினோம். மறுநாளே அது மேல சாணியடிச்சாக. வாளி குடுத்தோம், ரேடியோ குடுத்தோம், ஆள வேன்ல அள்ளிட்டுப் போயி கெட்ட பேரும் வாங்கினோம். ஆம்பள வந்தானா? வரல. ஏன் வரல? எடுத்துச் சொல்ல ஆளில்ல. எகிப்துக்காரன் ஆரமிச்சத இந்த ராஜபாளையத்துல வச்சு நான் முடிப்பேன்."

அடுத்துத்தான் அவருடைய புகழ்பெற்ற நடிப்பு. மைக்கைத் தாங்கியில் மாட்டினார். வலது கையில் இல்லாத டீ கிளாஸைப் பிடித்தார். சுண்டு விரலைத் தூக்கிக்கொண்டார்.

"பொண்டாட்டியக் கத்திக்கு உள்ள அனுப்பிட்டு வெளிய நிக்கான் பாருங்க, ஒரு மாவீரன். ஏம்ப்பா நீ பண்ணிக்கிட்டா என்னன்னு கேட்டா, 'அலையிற பொழப்பு சார், ஒடம்பு தாங்காது'ம்பான்." இல்லாத டீயை மூன்று முறை ஊதினார். ஆஸ்பத்திரிக் கதவைப் பார்ப்பது போலக் கூடத்துக் கதவைப் பார்த்தார். ஒரு மடக்குக் குடித்து முகத்தைச் சுளித்தார். "சீனி கொறச்சலா இருக்கே மாஸ்டர்?"

கூடம் சிரித்தது.

"இவன் ஆம்பளையா?"

"இல்ல!" என்றது கூடம். நாலு ஐம்பது பஸ்ஸுக்கு இன்னும் ஆறு நிமிடம் இருந்தது.

சிரிக்காத ஒரே ஆள் செட்டியார்பட்டி வேல்சாமி. ஸ்பின்னிங்கில் வேலை, வயது முப்பத்து நான்கு. ஓர் அரசாங்கப் பேச்சு தன்னையே பார்த்துப் பேசுவதாக அவனுக்கு அன்றுதான் முதன்முதலாகத் தோன்றியது.

இரண்டாவது பெண் பிறந்தபோது அவன் மனைவி பாண்டிசெல்விக்கு மூச்சு வாங்கி, உதடு நீலம் பாரித்துப் போயிற்று. இதயத்தில் ஒரு வால்வு சரியில்லை என்றார்கள். ஸ்ரீவில்லிபுத்தூர் ஆஸ்பத்திரியில் டாக்டர் கல்பனா அவனைத் தனியாக அழைத்து, "இன்னொரு பிரசவத்த இவங்க தாங்க மாட்டாங்க. குடும்பக் கட்டுப்பாட்டுக்கு மயக்க மருந்து குடுக்கவும் எனக்குப் பயமா இருக்கு. நீங்க பண்ணிக்கோங்க. சின்ன வேலைதான்" என்று சொல்லியிருந்தார். எங்கே போவது, யாரைக் கேட்பது என்று தெரியாமல் இரண்டு மாதம் ஓடிவிட்டது. இப்போது ஆளே வாசலுக்கு வந்து கூப்பிடுகிறார்.

மில்லில் தனக்கு வார விடுமுறையான நாளில் பஸ் ஏறி வில்லிபுத்தூர் போனான். அலுவலகத்தில் எழுத்தர் ரத்தினம் இருந்தார்.

"யாருக்குப்பா?"

"எனக்கு சார்."

"வீட்டம்மா எங்க?"

"வீட்டுல இருக்கா."

"அவுகளக் கூட்டிட்டு வராம நீரு மட்டும் வந்தா எப்படி?"

"ஆபரேசன் எனக்குத்தான் சார்."

ரத்தினம் கண்ணாடியைக் கழற்றினார். துடைத்து மாட்டிக்கொண்டு மறுபடி பார்த்தார். ஆள் மாறவில்லை. எழுந்து போய்ப் பக்கத்து அறையில் இருந்த இரண்டு பேரைக் கூட்டிவந்தார். அவர்களும் பார்த்தார்கள். அதன் பிறகு ஒரு விண்ணப்பப் பாரத்தை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தார்.

"பேரு, வயசு, பிள்ளைக சரி. கடைசியா மாதவிடாய் வந்த தேதி?"

வேல்சாமி திரும்பிப் பின்னால் பார்த்தான். யாரும் இல்லை. "எனக்கா சார்?"

"பாரத்துக்கு."

"வரல சார்."

"எத்தன நாளா?"

"எப்பவுமே வந்ததில்ல சார்."

ரத்தினத்தின் பேனா நின்றது. "தள்ளிப் போயிருந்தா கர்ப்பமா இல்லேன்னு சீட்டு வச்சாத்தான் பாரம் மேல போகும். நான் போட்ட சட்டமில்லப்பா. செத்த நேரம்தான், லேபுல போயி ஒண்ணுக்குக் குடுத்துட்டு வந்துரு."

வேல்சாமி லேபுக்குப் போனான். ஏழு பெண்களுக்குப் பின்னால் வரிசையில் நின்றான். முன்னால் நின்ற அம்மாள், "யாருக்குத் தம்பி?" என்று கேட்டபோது, "பாரத்துக்கு" என்றான். கர்ப்பம் இல்லை என்று முடிவு வந்தது. அந்தக் காலையில் நடந்தவற்றை வைத்துப் பார்க்கும்போது, அது அவனுக்குச் சிறிது ஆறுதலாகக்கூட இருந்தது.

சீட்டைக் குண்டூசியால் குத்திய ரத்தினம் பாரத்தின் அடிக்கு வந்தார். "இந்தக் கட்டத்துல ஒங்க கணவர் கையெழுத்து வேணும்."

"நாந்தான சார் புருசன்?"

"நீரு பயனாளி. பயனாளியோட கணவர் யாரு?"

"எம் பொண்டாட்டியப் போடச் சொல்லவா சார்?"

"அவுக எப்படிய்யா கணவராக முடியும்? ஒருத்தர் சம்மதிக்காம இன்னொருத்தர் ஒடம்புல கை வைக்க முடியாது. பொம்பளைக விசயம்னு வந்துட்டா அரசாங்கம் ரொம்பக் கண்டிப்பு."

"நான் பொம்பளை இல்ல சார்."

"அதுதான இப்பப் பிரச்சினையே" என்றார் ரத்தினம்.

விவகாரம் தவசிமுத்துவின் மேசைக்குப் போயிற்று. அவர் எழுந்து நின்று வேல்சாமியின் இரண்டு கைகளையும் பிடித்துக் குலுக்கினார். கண்ணில் நீர் கோத்துக்கொண்டது.

"ஆண்களுக்குத் தனி பாரம் இருக்கு தம்பி. வரைவு தயார். அச்சுக்குத்தான் போகல. ஆண்கள் வராததால அச்சடிக்கல."

"நான் வந்திருக்கேனே சார்."

"ஒரு ஆளுக்காக ஆயிரம் பாரம் அச்சடிச்சா ஆடிட்ல கேக்க மாட்டானா? மொதல்ல ஆயிரம் பேரு வரட்டும்."

"அவுகளும் இப்படித்தான சார் திரும்பிப் போவாக?"

"அந்த அவநம்பிக்கையத்தான் தம்பி நான் மேடைக்கு மேடை எதுத்துப் பேசுதேன்."

ஆனால் அவர் செயல்வீரர். மணியை அடித்தார். பக்கத்துக் கட்டடத்தில் கால்நடைப் பிரிவு இருந்தது. தெருநாய்க் கருத்தடைக்கு அவர்கள் வைத்திருக்கும் பாரத்தில் ஆண், பெண் என்று இரண்டு கட்டமும் உண்டு. ராஜபாளையம் பக்கத்து ஆளுக்கு இதில் வருத்தம் இருக்காது, நாய்தான் அந்த ஊருக்கே பேர் வாங்கித் தந்த பிராணி என்று அவரே சமாதானமும் சொன்னார். ரத்தினம் அந்தப் பாரத்தைப் பவ்வியமாக நிரப்பினார். பிடிக்கப்பட்ட இடம்: செட்டியார்பட்டி. நிறம்: மாநிறம். கடிக்கும் சுபாவம் உண்டா என்ற இடத்தில் நிமிர்ந்து வேல்சாமியைப் பார்த்து, ஒரு கணம் யோசித்து, இல்லை என்று எழுதினார். திரும்ப விட வேண்டிய இடம்: அதே தெரு. கருத்தடை முடிந்ததற்கு அடையாளமாக இடது காது நுனி வெட்டப்பட்டதா: இனிமேல்தான்.

"காது எதுக்கு சார்?"

"அது அப்படியே இருக்கட்டும். ஒரு கட்டம் காலியா இருந்தாலும் பாரம் திரும்பி வந்துரும்."

"அப்ப இன்னைக்கே பண்ணிருவாகளா?"

தவசிமுத்து சிரித்தார். குழந்தையைப் பார்த்துச் சிரிக்கிற சிரிப்பு. "இது செப்டம்பர் தம்பி. ஆண்கள் இருவார விழா நவம்பர் கடைசியில. இப்பப் பண்ணினா நீங்க வெறும் ஆளு. விழாவுல பண்ணினா நீங்க சாதனை."

"டாக்டரம்மா சீக்கிரம் பண்ணச் சொன்னாக சார். எம் பொண்டாட்டிக்கு நெஞ்சுல கோளாறு. இடையில ஏதாச்சும் ஆகிப் போச்சுன்னா அவ உசுரு..."

"அதுக்குத்தான அரசாங்கம் வாசல்லயே ஆணுறைப் பெட்டி வச்சிருக்கு!"

வாசலில் பெட்டி இருந்தது. 'வேண்டியதை எடுத்துக்கொள்ளுங்கள்' என்று எழுதியிருந்தது. அதன் மேல் பூட்டும் இருந்தது.

"பூட்டு எதுக்கு சார்?" என்று ரத்தினத்திடம் திரும்பி வந்து கேட்டான்.

"தொறந்து வச்சா ஆளுக எடுத்துட்டுப் போயிருதாகப்பா."

சாவி வேண்டுமென்றால் பதிவேட்டில் பெயர், தகப்பனார் பெயர், கைபேசி எண், என்ன தேவைக்காக என்ற விவரம் எல்லாம் எழுத வேண்டும். முந்தைய பக்கத்தைப் புரட்டினான். நான்கு வருடத்தில் ஒரே ஒரு ஆள் எழுதியிருந்தார். தேவை என்ற இடத்தில் 'அவசரம்' என்று இருந்தது. வேல்சாமி 'மனைவி' என்று எழுதினான். ரத்தினம் எண்ணி மூன்று கொடுத்தார். நவம்பர் வரைக்கும்.

அந்த அக்டோபரில் பாண்டிசெல்விக்குப் பதினோரு நாள் தள்ளிப் போயிற்று.

முதல் ஐந்து நாள் அவள் சொல்லவில்லை. ஆறாவது நாள் குழாயடியிலிருந்து ஒரு குடத்தோடு வந்து, வாசல்படியில் உட்கார்ந்து மூச்சை இழுத்துப் பிடித்துக்கொண்டு சொன்னாள். "ஏங்க, பயப்படாதீக. எதுக்கும் சொல்லி வைக்கேன். ஏதாச்சும் ஒண்ணு கெடக்க ஒண்ணு ஆச்சுன்னா பெரியவள ஹாஸ்டல்ல விட்டுராதீக. அவளுக்கு ராத்திரி பயம்."

"ஏட்டி, வாய மூடு" என்றான் வேல்சாமி. குடத்தை வாங்கி உள்ளே கொண்டுபோய் வைத்தான்.

பதினோராவது நாள் அவளை அதே லேபுக்குக் கூட்டிப்போனான். அதே வரிசை. முடிவு வரும்வரை சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றான். சுவரில் தவசிமுத்துவின் அலுவலகம் ஒட்டிய சுவரொட்டி இருந்தது. ஓர் ஆண் மீசையை முறுக்கிக்கொண்டு, 'நான் தயார்! நீங்கள்?' என்று கேட்டுக்கொண்டிருந்தான். அந்த முகத்தில் காறித் துப்ப வேண்டும் போல வேல்சாமிக்கு வாயில் எச்சில் ஊறியது. 'இங்கே துப்பாதீர்கள்' என்று பக்கத்தில் எழுதியிருந்ததால் விழுங்கிக்கொண்டான்.

இல்லை என்று வந்தது. ரத்தம் குறைவு, அதனால் தள்ளியிருக்கிறது என்றார்கள். அங்கிருந்த பெஞ்சில் உட்கார்ந்து இரண்டு பேரும் சிறிது நேரம் அழுதார்கள். பிறகு பஸ் ஏறினார்கள். அன்றிலிருந்து வேல்சாமி வாசல் தாழ்வாரத்தில் படுத்துக்கொண்டான்.

நவம்பரில் மில் வாசலில் பேனர் கட்டினார்கள். யாருக்கும் தெரியாமல் நடக்க வேண்டும் என்று வேல்சாமி கேட்டிருந்தான். அதைக் குறித்துக்கொண்டதன் அடையாளமாக ஆதார் அட்டைப் படத்தைத்தான் போட்டிருந்தார்கள். அதில் பெற்ற தாய்க்கே அவனை அடையாளம் தெரியாது. ஆனால் கீழே பெயர், தகப்பனார் பெயர், தெரு, மில், டிபார்ட்மெண்ட் எல்லாம் கொட்டை எழுத்தில் இருந்தன. 'கருத்தடைக் காவலன்' என்று பட்டமும் இருந்தது. அவன் படத்தைவிட நாலு மடங்கு பெரிதாகத் தவசிமுத்து கும்பிட்டுக்கொண்டிருந்தார்.

"ஏலே காவலா!" என்று மெஷின் சத்தத்தை மீறிக் கத்தினான் கூட வேலை பார்க்கும் விஜயபாண்டி. "ஒன்னய கேட்டுல தொங்க விட்டுருக்காகலே. மாலை ஒண்ணுதான் கொறச்சல்."

"வேலையப் பாருலே."

"இல்ல, கேக்கேன். ரெண்டும் பொட்டப் பிள்ள. ஒரு ஆம்பளப் பிள்ளைக்குப் பாக்காம எதுக்குலே இந்த அவசரம்? வேணும்னா அவள அனுப்ப வேண்டியதுதான? நின்னு பாக்குற வேலை நமக்கு. இடுப்புல பெலன் போயிரும்லே."

"அவளுக்கு உசுரு போயிரும்லே" என்றான் வேல்சாமி.

விஜயபாண்டி அறுந்த நூலை முடிந்தான். அதன் பிறகு அவன் கேலி பேசவில்லை. மற்றவர்கள் பேசினார்கள்.

விழா ஒரு கல்யாண மண்டபத்தில் நடந்தது. பதினைந்து ஆண்கள் வர வேண்டும் என்று இலக்கு. வந்தது வேல்சாமி. மீதிப் பதினாலு நாற்காலிகளில் அலுவலக ஊழியர்களை உட்காரவைத்துப் புகைப்படம் எடுத்தார்கள். அவர்கள் முகத்தைத் திருப்பிக்கொண்டதால், படத்தில் பதினாலு பிடரிகளும் ஒரு வேல்சாமியும் விழுந்தார்கள். தவசிமுத்து எகிப்திலிருந்து தொடங்கினார். டீ கிளாஸ் நடிப்பு வந்தபோது மேடையே குலுங்கிச் சிரித்தது. மேடை ஓரத்தில் உட்கார்ந்திருந்த டாக்டர் கல்பனா மட்டும் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

சிறப்பு விருந்தினராக வந்த பிரமுகர் அன்று காலையிலிருந்து மூன்று கல்யாணங்களை முடித்துவிட்டு நேராக இங்கே வந்திருந்தார். மண்டபத்தையும் வேல்சாமியின் கழுத்தில் கிடந்த மாலையையும் பார்த்ததில் நாலாவது என்று எண்ணிக்கொண்டார்.

"மணமகனுக்கு ஒண்ணு சொல்லுவேன்" என்று வேல்சாமியின் தோளில் கை போட்டார். "காலந் தாழ்த்தாதீக. நம்ம சனத்தொகை கொறஞ்சா டெல்லியில நமக்கு நாக்காலி கொறையும். தமிழனுக்கு நாக்காலி வேணும்னா தொட்டில் ஆடணும். அடுத்த வருசம் இதே மேடைக்கு ஒங்க கொழந்தைக்குப் பேரு வைக்க நானே வருவேன்!"

கூட்டம் திகைத்தது. முதலில் கைதட்டியவர் தவசிமுத்து. பிறகு எல்லோரும் தட்டினார்கள். வேல்சாமிக்குப் பொன்னாடையும் அரைக் கிலோ பால்கோவாவும் கொடுத்தார்கள். பிரமுகர் மணமகள் எங்கே என்று விசாரித்தார். வீட்டில் இருப்பதாகச் சொன்னதும், சாப்பிட்டுவிட்டுப் போய்விட்டார்.

ஆபரேஷன் எப்போது என்று வேல்சாமி கேட்டான். ரத்தினம் நிகழ்ச்சி நிரலைப் புரட்டினார். வரவேற்பு, குத்துவிளக்கு, வரலாறு, பாராட்டு, வாழ்த்து, நன்றியுரை எல்லாம் இருந்தன. அது மட்டும் விட்டுப்போயிருந்தது.

"என் பின்னாடி வாங்க" என்றார் டாக்டர் கல்பனா.

ஆஸ்பத்திரியில் பாரத்தைக் கேட்டு வாங்கிப் படித்தார். கடிக்கும் சுபாவம் வரை வந்து நிறுத்தினார். தாளை நாலாகக் கிழித்துக் குப்பைத் தொட்டியில் போட்டார். வெள்ளைத் தாளில் தன் கையால் ஆறு வரி எழுதி நீட்டினார்.

"படிச்சுப் பாத்துட்டு உங்க கையெழுத்தப் போடுங்க."

"என்னோடதா?"

"உடம்பு உங்களோடதுதான?"

வேல்சாமி கையெழுத்துப் போட்டான். மேசையில் படுத்து, மின்விசிறியைப் பார்த்துக்கொண்டு, "எம்புட்டு நேரம்மா ஆகும்?" என்று கேட்டான்.

"முடிஞ்சிருச்சு. எந்திரிங்க."

பத்து நிமிடம் ஆகியிருந்தது. பதினோரு வருடம் நடக்கும் ஓர் அலுவலகம், ஒரு ஜீப், இரண்டு மைக் செட், எகிப்து, ரோமாபுரி எல்லாம் சுற்றிச் சுற்றி வந்தது இந்தப் பத்து நிமிடத்தைத்தான். அது எந்த அறையில் நடக்கிறது என்று அந்த அலுவலகத்தில் யாரும் எட்டிப் பார்த்ததில்லை. "உடனே நம்பிராதீங்க, மூணு மாசம் ஆணுறை வேணும். பொறவு வந்து டெஸ்ட் குடுங்க" என்று டாக்டர் ஒரு பை நிறைய அள்ளிக் கொடுத்தார். எதற்கென்று எழுதச் சொல்லவில்லை.

மார்ச் மாதம் முதல் செவ்வாய்க்கிழமை வேல்சாமி டெஸ்ட் கொடுத்தான். மத்தியானம் சீட்டு வந்தது. விந்தணு: இல்லை. லேப் வாசலிலேயே நின்று வீட்டுக்குப் போன் போட்டான்.

"ஏட்டி, ஒண்ணுமில்லையாம்."

"ஒண்ணுமே இல்லையா?"

"ஒண்ணுமே இல்ல."

அந்தப் பக்கம் மூக்கை உறிஞ்சுவது கேட்டது. "சரி, இருட்டுறதுக்கு முன்ன வந்து சேருங்க. இன்னைக்கு உள்ள படுத்துக்கிடுங்க."

சீட்டைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு திரும்பியபோது, பிரசவ வார்டு வாசலில் ஒரு பழகிய குரல் கேட்டது. தவசிமுத்து. மனைவி ஜெயசித்ராவுக்கு இரண்டாவது பிரசவம். வயிற்றைக் கீறித்தான் எடுக்க வேண்டுமாம். சர்க்கரையும் ரத்தக் கொதிப்பும் இருந்ததால், ஆபரேஷன் எவ்வளவு சீக்கிரம் முடிகிறதோ அவ்வளவு நல்லது.

"அவங்களுக்குக் குழந்தைய எடுக்கறதோட நிறுத்திக்கலாம் சார்" என்று சொல்லிக்கொண்டிருந்தார் டாக்டர் கல்பனா. "கருத்தடைய நீங்க பண்ணிக்கோங்களேன். பத்து நிமிஷம். நீங்க சொல்லாததா?"

தவசிமுத்து இரண்டு பக்கமும் பார்த்தார். குரலைத் தாழ்த்தினார். "நமக்கு அலையிற உத்தியோகம் மேடம். ஒடம்பு தாங்காது. எப்படியும் வயித்தத் தொறக்கப் போறீக. அதோட அதா முடிச்சு விட்ருங்க."

டாக்டர் உள்ளே போனார். ரத்தினம் பாரத்தோடு ஓடிவந்தார். இந்த முறை எந்தக் கட்டத்திலும் சிக்கல் வரவில்லை. மாதவிடாய்த் தேதி இருந்தது. கர்ப்பச் சீட்டு தேவைப்படவில்லை. கணவர் கையெழுத்து என்ற இடத்தில் கையெழுத்துப் போட ஒரு கணவர் இருந்தார். போட்டார். எல்லாம் இரண்டு நிமிடத்தில் முடிந்தது. அந்தப் பாரம் எவ்வளவு நேர்த்தியான பாரம் என்பது வேல்சாமிக்கு அன்றைக்குத்தான் விளங்கியது.

ஜெயசித்ராவைத் தள்ளிக்கொண்டு போனார்கள். படுத்தபடியே அவர் தலையைத் திருப்பிக் கணவரைத் தேடினார். கணவர் அதற்குள் வாசலுக்குப் போயிருந்தார்.

வேல்சாமி வெளியே வந்தபோது தவசிமுத்து டீக்கடையில் நின்றுகொண்டிருந்தார். இவனைப் பார்த்தார். எங்கேயோ பார்த்த முகம் என்று ஒரு யோசனை வந்து போயிற்று. பேனரில் நாலு மாதம் பக்கத்துப் பக்கத்தில் தொங்கியவர்கள். "வீட்டம்மாவச் சேத்திருக்கீகளோ?" என்று விசாரித்தார்.

"இல்ல சார். நாந்தான் வந்தேன்."

"ஓ" என்றார் தவசிமுத்து. அதற்கு மேல் அவருக்கு அதில் அக்கறை இல்லை. வலது கையில் கிளாஸ் இருந்தது. மூன்று முறை ஊதினார். ஆஸ்பத்திரிக் கதவைப் பார்த்தார். சுண்டு விரல் தானாகவே தூக்கிக்கொண்டது. ஒரு மடக்குக் குடித்து முகத்தைச் சுளித்தார்.

"சீனி கொறச்சலா இருக்கே மாஸ்டர்?"